புருவத்துக்கு ஏறிய கண்மை

"கண்மையைப் போய் யாராவது புருவத்துக்குப் போடுவாங்களா?" என்று கேட்கிறார்கள். வரலாற்றைக் கேட்டால், எல்லாரும் அதைத்தான் போட்டாங்க என்று சொல்லும்.

கான்சாபுரத்தில் எங்கள் வீட்டில் இருந்தது ஒரே ஒரு மைச்சிமிழ். கரிசலாங்கண்ணிச் சாற்றில் நனைத்துக் காயவைத்த துணியைத் திரியாக்கி, விளக்கெண்ணெயில் எரிப்பார்கள். மேலே கவிழ்த்த தட்டில் படியும் கரியை எண்ணெய் விட்டுக் குழைத்தால் மை. கண்ணுக்கும் புருவத்துக்கும் அதுதான். குழந்தை கன்னத்துத் திருஷ்டிப் பொட்டுக்கும் அதேதான்.

அமெரிக்காவிலும் இதே கதை. மேபெலின் 1917இல் கொண்டுவந்த கட்டி மஸ்காரா, இமை முடி, புருவம் இரண்டுக்கும் சேர்த்தே விற்கப்பட்டது. ஆளுக்கொரு டப்பா என்பது கடை சொல்லிக்கொடுத்த பழக்கம்.

அப்போ வித்தியாசமே இல்லையா? இருக்கு. எண்ணெய் மிகுந்த மை நம்ம ஊர் வெயிலில் வழியும். புருவப் பென்சிலில் மெழுகு அதிகம், அதனால் நிற்கும். அவ்வளவுதான்.

பயப்பட வேண்டியது வேறொன்றுக்கு. பழைய எகிப்தியர் தீட்டிய மையில் கலீனா என்னும் ஈயத் தாது இருந்தது; இன்றும் சில சுருமாக்களில் இருக்கிறது. ஈயம் குழந்தைகளின் மூளை வளர்ச்சியையே கெடுக்கும். டப்பாவின் பெயரை விடுங்க, உள்ளே என்ன இருக்குன்னு பாருங்க.