ஏடும் சங்கமும் சபையும்: கோ. நடேசையரின் தொண்டு

தொழிலாளர் தலைவர் ஒருவர் பத்திரிகை நடத்துவதும் பின்னர்ச் சட்டசபை ஏறுவதும் மேல்நாடுகளில் வியப்புக்குரியன அல்ல. நார்வே நாட்டு மார்ட்டின் திரான்மேல் 1921 முதல் தொழிற்கட்சி நாளேட்டின் ஆசிரியராயிருந்து, அந்நாட்டுப் பாராளுமன்றத்திலும் அமர்ந்தார். ஆயின் அவர்தம் வாசகர் எழுத்தறிந்தோர், வாக்குரிமை பெற்றோர். இவ்விரண்டும் பெரும்பாலும் இல்லாத மக்களுக்கு ஏடொன்றினால் விளையும் பயன் யாது? இவ்வினாவுக்கு இலங்கை மலைநாட்டில் விடை கண்டவர் கோ. நடேசையர் ஆவர்.

தஞ்சை மண்ணிற் பிறந்து, ஆங்கு ‘வர்த்தகமித்திரன்’ என்னும் இதழை நடத்திய அன்னார், 1920 ஆம் ஆண்டளவில் கொழும்பிற் குடியேறினார். அக்காலத்தில் துரைமாரின் இசைவின்றி அயலார் தோட்டத்துட் புகுதல் இயலாது. கடனைச் செலுத்தினால் விடுவிப்பதாகத் தோட்டத்தார் எழுதித்தரும் ‘துண்டு’ இன்றித் தொழிலாளி வேறு தோட்டம் செல்லுதலும் அரிது. இம்முறை 1921 இலேயே சட்டத்தால் ஒழிந்தது. நடேசையரோ புடைவை வியாபாரி வேடம் பூண்டு லயங்களுள் நுழைந்து, அம்மக்களின் நிலையை நேரிற் கண்டார்.

‘தேசநேச’னிலும், 1924 இல் தொடங்கிய ‘தேசபக்த’னிலும் அவர் எழுதியவை இக்காட்சியின் பயனே. 1925 இல் சட்டநிரூபண சபையில் இந்தியர் பிரதிநிதியானார். ஏட்டில் எழுப்பிய முறையீட்டைச் சபையிலும் எழுப்ப அவருக்கு இதனால் வாய்ப்புண்டாயிற்று.

ஏ. ஈ. குணசிங்காவின் தொழிற்சங்கத்தில் நடேசையர் உபதலைவராயிருந்தார். 1927 இல் கொழும்புத் துறைமுகத் தொழிலாளர் வேலைநிறுத்தம் செய்த காலத்தில் இருவரும் ஒருங்கே நின்றனர். அடுத்த ஆண்டில் இருவரும் பிரிந்தனர். பின்னர் உலகப் பொருளாதார மந்தத்தின்போது குணசிங்கா இந்தியத் தொழிலாளருக்கு எதிராகவே பேசத் தலைப்பட்டார். வறுமை மிகுங்கால் இன வேற்றுமை உழைப்பாளரைப் பிரித்துவிடும் என்பதற்கு இஃது ஒரு சான்று.

1931 இல் நடேசையர் தோட்டத் தொழிலாளர்க்கெனத் தனிச் சம்மேளனம் நிறுவினார். எழுத்தறியாதார்க்கு ஏட்டின் செய்தியைக் கொண்டுசென்றவர் அவர்தம் துணைவியார் மீனாட்சி அம்மையார். தொழிலாளர் துயரைப் பாட்டாக யாத்து, கூட்டங்களில் தாமே பாடினார். மேற்கூறிய வினாவுக்கு விடை ஈண்டே உளது: படிக்கவியலாதார் கேட்டனர், கேட்டவர் சங்கமாகக் கூடினர், சங்கத்தின் குரல் சபையில் ஒலித்தது.

1936 இல் அட்டன் தொகுதி அவரை அரசாங்க சபைக்கு அனுப்பியது. எனினும் அவர்தம் சம்மேளனம் ஒரு மனிதரின் ஆற்றலையே பெரிதும் சார்ந்து நின்றது. 1939 இல் இலங்கை இந்தியக் காங்கிரசு தோன்றியபின் அதன் செல்வாக்குக் குன்றியது. 1947 ஆம் ஆண்டுப் பொதுத்தேர்தலில் தோல்வியுற்ற நடேசையர் அவ்வாண்டிலேயே மறைந்தார்.

அடுத்து வந்த 1948 ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டமும் 1949 ஆம் ஆண்டுத் தேர்தற் சட்டத் திருத்தமும் மலைநாட்டுத் தமிழருட் பெரும்பாலோரின் வாக்குரிமையைப் பறித்தன. சபைக்குச் செல்லும் வழி அடைபட்டது. எஞ்சியோர்க்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003 இலேதான் நிறைவேறிற்று.

பாலையூற்றில், துறைமுகத்தை அண்டி வாழும் நமக்கு மலைநாடு தொலைவாகத் தோன்றலாம். ஆயினும் உழைப்பவன் குரல் ஏட்டில் ஏறினாற் போதாது. அதனைத் தாங்கச் சங்கமும், சபையேற்ற வாக்கும் வேண்டும் என்பது துறைமுகத்துக்கும் தோட்டத்துக்கும் பொதுவாய உண்மை. மாணவர் இவ்வரலாற்றினின்று கொள்ளத்தக்கது இதுவே.