தீர்ப்புச் சொல்வது யார்? பூர்வக்குடிக் கலை இதழ்களும் மம்பாவ் தோட்டப்புறமும்

அரிசோனாவின் ஸ்காட்ஸ்டேல் நகரில் 1975இல் தொடங்கிய 'அமெரிக்கன் இந்தியன் ஆர்ட் மேகசின்' நாற்பது ஆண்டுகள் வெளிவந்து 2015இல் நின்றது. சேகரிப்பாளரும் கலை வணிகரும் அருங்காட்சியக ஆய்வாளரும் நம்பிப் படித்த காலாண்டிதழ் அது. 2013இல் செரோக்கி இனத்தவரான அமெரிக்கா மெரிடித் 'ஃபர்ஸ்ட் அமெரிக்கன் ஆர்ட் மேகசின்' என்ற இதழைத் தொடங்கினார். பேசுபொருள் ஏறக்குறைய அதேதான். தீர்ப்புச் சொல்லும் இருக்கைக்குப் பூர்வக்குடி விமர்சகர்கள் வந்தார்கள். மலேசியாவில் பூர்வக்குடிகளான ஒராங் அஸ்லி மக்களின் கலைக்கும் சந்தை உண்டு, அருங்காட்சியகம் உண்டு. அதைக் கலையாக எடைபோடும் எழுத்துதான் பின்தங்கிவிட்டது என்பது என் வாதம். அந்தப் பின்தங்கலில் தோட்டப்புறத் தமிழ் எழுத்துக்கும் பங்கு உண்டு.

கேரித் தீவை எடுத்துக்கொள்வோம். சிலாங்கூர் கடலோரத்தில் செம்பனை மூடிய தீவு; தமிழ்த் தொழிலாளர் உழைத்த மண்ணுங்கூட. அங்குள்ள சுங்கை பும்புன் கிராமத்து மா மெரி மக்கள் 'மோயாங்' எனும் மூதாதை ஆவிகளை வழிபடுகிறார்கள். ஹரி மோயாங் விழாவில் முகமூடி அணிந்து ஆடுகிறார்கள். செதுக்குவதற்கு உகந்தது சதுப்புக் காட்டில் வளரும் 'நிரே பத்து' என்ற செந்நிற மரம். ஒரே கட்டையில் புலியையும், அதன்மேல் தொங்கி அசையும் சங்கிலியையும் ஒட்டுப்போடாமல் குடைந்தெடுப்பது இவர்களுக்குப் புகழ் சேர்த்த வேலை. ஒரு வளையம் தெறித்தாலும் சிற்பம் கெட்டது. இத்தகைய வேலையில் ஒருவர் உளிக்கும் இன்னொருவர் உளிக்கும் உள்ள வேறுபாடு தேர்ந்த கண்ணுக்குத் தப்பாது. ஆனால் கடையிலோ 'மா மெரி சிற்பம்' என்பதோடு விளக்கம் பெரும்பாலும் முடிந்துவிடுகிறது. மா மெரி, ஜா ஹுட் சிற்பங்களைப் பற்றி ரோலண்ட் வெர்னர் 1970களில் எழுதிய நூல்கள் ஆவிகளை அடையாளம் காண இன்றும் உதவுபவை. எந்தச் சிற்பி எதில் கைதேர்ந்தவர், யாருடைய பாணி யாருக்குச் சென்றது என்ற கேள்விகளுக்கு வேறுவகை எழுத்து வேண்டும்.

சடங்குப் பொருளுக்குத் தனிமனிதப் பெயரைத் தேடுவது மேலைச் சந்தையின் பழக்கம் என்று ஒரு மறுப்பு எழலாம். பாதி நியாயம் அதில் இருக்கிறது. நோய் தீர்க்கும் சடங்குக்கென ஜா ஹுட் மக்கள் செதுக்கும் ஆவியுருவம் வேலை முடிந்ததும் காட்டில் விடப்படுவது. அதில் கையொப்பம் தேடினால் சிரிப்பார்கள். ஆனால் விற்பனைக்குச் செதுக்கிய உருவத்துக்கு அந்த நியாயம் பொருந்தாது. விலையை எழுதிவிட்டுப் பெயரை மட்டும் விட்டுவிடுவது இடைத்தரகருக்கே வசதி. தன்னார்வலர்கள் நடத்தும் 'கெராய் ஓஏ' என்ற நடமாடும் கடை, விற்ற பணம் முழுவதையும் செய்தவருக்கே கொடுத்து வணிகத்தின் கணக்கை நேர்செய்தது. விமர்சனத்தின் கணக்கு இன்னும் நேராகவில்லை.

பந்திங் பக்கத்துத் தெமுவான் பூர்வக்குடி ஓவியர் ஷாக் கோயோக்கின் படைப்புகள் இச்சிக்கலை மேலும் கூர்மையாக்குகின்றன. முடைந்த பாயின் மீதே அவர் தம் மக்களின் முகங்களைத் தீட்டுகிறார். அப்படியானால் பாயை முடைந்த கைகளும் அந்த ஓவியத்தில் இருக்கின்றன அல்லவா? பாயைப் பின்புலமாகக் கருதுவதா, படைப்பின் பாதியாகக் கருதுவதா என்பதை விலைப்பட்டியல் தீர்க்காது. ஓர் இதழ் அதைப் பல ஆண்டுகள் விவாதிக்கலாம்.

இனி, தோட்டப்புறத் தமிழ் எழுத்தின் பங்கைக் காண மம்பாவுக்கு வருவோம். 1891இல் திறந்த சிரம்பான்–போர்ட்டிக்சன் ரயில் தடத்தில் அமைந்த சிற்றூர் இது. பழைய சுங்கை ஊஜோங் நிலம். அங்கு உண்டாங் எனும் ஆட்சித்தலைவர் பதவிக்குரிய பிடுவாண்டா குலம், குடியேறிய மினாங்கபாவ் வழியோடு பூர்வக்குடி வழியையும் சேர்த்தே தன் மரபைச் சொல்லும். ஆட்சியுரிமைக்குச் சான்றாக நிற்கும் அளவுக்குப் பூர்வக்குடி மக்கள் இங்கே பழமையானவர்கள். தோட்டத்துத் தமிழ்க் கதைகளிலோ, நான் படித்த அளவில், அவர்கள் காட்டிலிருந்து மூலிகை கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போகும் துணைப்பாத்திரங்கள்.

நம் கலையையும் நாம் பெரிதாக வாழவைத்துவிடவில்லை. தோட்டத்துக் கோயில் கல்வெட்டில் நன்கொடையாளர் வரிசை நீளும். முனியாண்டிக்குச் சுதையில் மீசை முறுக்கிய கைக்கு அங்கே இடம் கிடைப்பது அரிது. எனவே பூர்வக்குடிக் கலைக்குத் தமிழில் பக்கம் ஒதுக்க முன்வரும் இதழ், 1975இன் ஸ்காட்ஸ்டேல் நிலையில்தான், வெளியாளாகத்தான் தொடங்கும். அதைத் தவிர்க்க முடியாது. ஆனால் முதல் இதழிலேயே தெமுவான், மா மெரி எழுத்தாளர்களை ஊதியம் கொடுத்து மலாயில் எழுதச் செய்து, மொழிபெயர்ப்பை மட்டும் நாம் ஏற்றுக்கொள்ள முடியும்.