இனயத்து ஏலமும் இணையத்து ஏலமும்

கைபேசிக்கு எங்கள் ஊரைப் பிடிக்காது. 'இனயம்' என்று அடித்தால் 'இணையம்' என்று திருத்திவிடும். 'இணையம் புத்தன்துறை' என்று அச்சான கல்யாணப் பத்திரிகை ஒன்று வீட்டில் இன்னும் கிடக்கிறது.

குமரி மாவட்டத்தின் மேற்குக் கரையில், தேங்காய்ப்பட்டினத்துக்குப் பக்கத்தில், கடலை நம்பிப் பிழைக்கிற ஊர் இது. ஏலம் என்றால் எங்களுக்கு மீன் ஏலம்தான். வள்ளம் கரை ஏறியதும் மீனை மணலில் குவிப்பார்கள். ஏலக்காரர் விலையைக் கூவுவார். சருவத்தோடு வந்த பெண்களும் வியாபாரிகளும் சுற்றி நிற்பார்கள். செவுளைத் தூக்கிப் பார்ப்பார்கள், வயிற்றை அமுக்கிப் பார்ப்பார்கள். இரண்டு நிமிடத்தில் எல்லாம் முடிந்துவிடும். வெயில் ஏறிவிட்டால் அதே குவியலைப் பாதி விலைக்குக் கேட்கவும் ஆள் இருக்காது.

2022 தொடக்கத்தில் பக்கத்து வீட்டுப் பையன் ஒரு குரங்குப் படத்தைக் கைபேசியில் காட்டினான். ஆறாயிரம் ரூபாய்க்கு வாங்கினானாம். "என்எஃப்டி. உலகத்துலயே இது ஒண்ணுதான். இப்ப எனக்குச் சொந்தம்" என்றான். மீன் விற்றுவிட்டு வந்த பெரியம்மா எட்டிப் பார்த்துக் கேட்டாள்: "இதுக்குச் செவுள் எங்க இருக்கு மக்களே?"

பையன் சிரித்தான். எனக்கு அந்தக் கேள்வி விடவில்லை. படத்துக்கான உரிமைச் சீட்டு மாதிரியான அந்த என்எஃப்டி டோக்கன் பிறந்த இடத்தைத் தேடிப் போனேன்.

பிறந்தது நியூயார்க்கில், 2014 மே மாதம். நியூ மியூசியத்தில் அப்போது 'செவன் ஆன் செவன்' என்றொரு நிகழ்ச்சி நடந்துவந்தது. ஒரு கலைஞரையும் ஒரு கணினிக்காரரையும் ஜோடி சேர்த்துவிடுவார்கள். இருவரும் சேர்ந்து சட்டென்று புதிதாக ஒன்றைச் செய்து மேடையில் காட்ட வேண்டும். அந்த வருடம் ஜோடி சேர்ந்தவர்கள் கெவின் மெக்காய் என்ற கலைஞரும் அனில் டாஷ் என்ற கணினிக்காரரும். கணினியில் வரைகிற கலைஞர்களின் படங்கள் பெயர்கூட இல்லாமல் டம்ப்ளர் என்ற இணையதளத்தில் கைமாறிக்கொண்டிருந்த காலம். ஒரு படத்துக்கு நகல் ஆயிரம் இருக்கட்டும். உரிமை யாருக்கு என்று ஒரு கணக்கில் எழுதிவைத்தால் கலைஞனுக்கு நாலு காசு வருமே என்பதுதான் அவர்கள் யோசனை. கணக்கு நோட்டாக அவர்கள் எடுத்துக்கொண்டது நேம்காயின் என்ற பிளாக்செயினை. எங்கள் கரையின் ஏலக்கணக்கு நோட்டு ஒருவர் கையில் மட்டும் இல்லாமல் கரையில் நிற்கிற அத்தனை பேர் கையிலும் ஒவ்வொரு பிரதி இருந்தால் எப்படி? எவரும் தனியாக அழித்து எழுத முடியாது. பிளாக்செயின் என்பது ஏறக்குறைய அவ்வளவுதான்.

மேடையில் மெக்காயின் மனைவி ஜெனிஃபர் உருவாக்கிய ஒரு சின்ன வீடியோவை விற்றுக் காட்டினார்கள். டாஷ் தன் பர்ஸில் இருந்த 4 டாலரைக் கொடுத்து வாங்கினார். அன்றைய கணக்கில் 240 ரூபாய். அரங்கமே சிரித்தது.

அவசரத்தில் செய்த வேலை என்பதால் ஒரு குறுக்குவழி நுழைந்துவிட்டது. படத்தை முழுதாகக் கணக்கில் ஏற்ற இடம் போதாது. அதனால் படம் இருக்கிற இணைய முகவரியை மட்டும் எழுதினார்கள். ஏழு வருடம் கழித்து டாஷே இதை எழுதி வருத்தப்பட்டார்: கோடிகள் புரளத் தொடங்கிய பிறகும் பெரும்பாலானவர்கள் அதே குறுக்குவழியில்தான் போனார்கள். அதாவது, டோக்கனை வாங்குகிறவன் கையில் கிடைப்பது படம்கூட இல்லை. 'படம் இன்ன இடத்தில் இருக்கிறது' என்ற சீட்டு. அந்த இடத்தை நடத்துகிறவன் கடையைச் சாத்தினால் சீட்டு மட்டும் மிச்சம். 2022 நவம்பரில் எஃப்டிஎக்ஸ் என்ற பரிவர்த்தனை நிறுவனம் திவாலானபோது அங்கே உருவான டோக்கன்களுக்கு இதுதான் நடந்தது. படம் இருந்த முகவரியைத் திறந்தால் திவால் அறிவிப்புப் பக்கம் வந்து நின்றது.

இதைவிட வேடிக்கை, மூத்த பிள்ளைக்கு நேர்ந்த கதி. மேடை நிகழ்ச்சிக்கு முந்தைய நாள், மே 2 அன்று, மெக்காய் 'குவாண்டம்' என்ற தன் படைப்பைப் பதிவு செய்திருந்தார். உலகின் முதல் என்எஃப்டி என்று சொல்லப்படுவது அதுதான். நேம்காயினில் பதிவை 36,000 பிளாக்குகளுக்குள், அதாவது சுமார் எட்டு மாதத்துக்குள், புதுப்பிக்க வேண்டும். மெக்காய் புதுப்பிக்கவில்லை, பதிவு காலாவதியாகிவிட்டது. 2021 ஜூனில் சதபீஸ் ஏலத்தில் அதே 'குவாண்டம்' 14.7 லட்சம் டாலருக்கு, சுமார் 11 கோடி ரூபாய்க்கு, வேறொரு பிளாக்செயினில் புதிதாகப் பதிவாகி விற்றது. காலாவதியான பழைய பதிவைத் தன் பெயருக்கு எடுத்துக்கொண்ட ஒரு கனடா நிறுவனம் நீதிமன்றத்துக்குப் போனது. 2023 மார்ச்சில் வழக்கு தள்ளுபடியானது. அழியாது, மாறாது, ஒன்றே ஒன்று என்று சொல்லி விற்கப்படுகிற பொருளின் முதல் பிரதியே யாருடையது என்று சொல்ல நீதிபதி தேவைப்பட்டார். படகு லைசென்ஸ் புதுப்பிக்கத் தவறிய எவருக்கும் எங்கள் ஊரில் இந்தக் கதை உடனே புரியும்.

என்எஃப்டி பெயர் வாங்கியது 2017-ல். ஜூனில் லார்வா லேப்ஸ் என்ற நிறுவனம் 10,000 பொம்மை முகங்களை 'கிரிப்டோபங்க்ஸ்' என்று உருவாக்கி, பெரும்பாலானவற்றைச் சும்மாவே கொடுத்தது. நவம்பர் 28 அன்று கனடாவிலிருந்து 'கிரிப்டோகிட்டீஸ்' வந்தது. கணினிப் பூனைகளை வாங்கி, ஜோடி சேர்த்து, குட்டி போட வைத்து விற்கிற விளையாட்டு. அது ஓடிய எத்தீரியம் என்ற பிளாக்செயின் வலையே அந்த நெரிசலில் திணறியது.

அதற்கு இரண்டு நாள் கழித்து, நவம்பர் 30 அன்று, எங்கள் கரையை ஒக்கிப் புயல் அடித்தது. கடலுக்குப் போனவர்களைத் தேடக் கப்பல் அனுப்புங்கள் என்று கேட்டு டிசம்பர் 7-ல் ஆயிரக்கணக்கானவர்கள் குழித்துறை ரயில் நிலையத்தில் தண்டவாளத்தில் உட்கார்ந்தார்கள். அதே வாரத்தில் ஒரு பூனை 1,17,000 டாலருக்கு, ஏறக்குறைய 75 லட்சம் ரூபாய்க்கு, விலைபோனது. கடலில் போன மீனவர் குடும்பத்துக்கு அரசு அறிவித்தது 20 லட்சம். இரண்டுக்கும் சம்பந்தமில்லைதான். ஆனாலும் பூனையின் பிறந்த தேதி எனக்கு மறப்பதில்லை.

சேகரிப்புப் பொருள் என்பதே ஏமாற்று என்று சொல்லமாட்டேன். 1956 வரை நாங்கள் திருவிதாங்கூர்க்காரர்கள். 1888-ல் சங்கு முத்திரையோடு வந்த அஞ்சல் தலைகள் இரண்டு மூன்று தாத்தாவின் டிரங்குப் பெட்டியில் இருந்தன. ஒரு சக்கரம், இரண்டு சக்கரம் என்று திருவிதாங்கூர்க் காசில் விலை போட்டவை. அந்தத் தாளை ஒட்டினால் அஞ்சலோட்டக்காரன் கடிதத்தைக் கொண்டுபோய்ச் சேர்ப்பான். பின்னால் ஒரு சமஸ்தானம் நின்றது. 1951-ல் திருவிதாங்கூர் அஞ்சல் இந்தியத் தபாலோடு சேர்ந்தது. தாளின் வேலை முடிந்தது. இப்போது சேகரிப்பவர் ஆசைப்பட்டால் விலை. ஏராளமாக அச்சிட்டவை சில ரூபாய்க்கே கிடைக்கும். ஆனால் தாள் கையில் இருக்கிறது. அது ஒரு காலத்தில் வேலை பார்த்த தாள். பையனின் குரங்கு ஒரு நாளும் வேலைக்குப் போகவில்லை.

என்எஃப்டி கதையின் உச்சத்தில் நிற்பவர் நம்மவர். 2021 மார்ச் 11, கிறிஸ்டீஸ் ஏலம். பீப்பிள் என்ற அமெரிக்கக் கலைஞர் தினம் ஒன்றாக வரைந்த 5,000 படங்களை ஒட்டவைத்த ஒரே படம். ஏலம் 100 டாலரில் தொடங்கி 6.93 கோடி டாலரில், சுமார் 500 கோடி ரூபாயில், நின்றது. வாங்கியவர் பெயர் 'மெட்டாகோவன்'. கோ என்றால் அரசன் என்று தெரிந்த யாருக்கும் பெயரில் தமிழ் வாடை அடித்திருக்கும். ஒரு வாரத்தில் அவரே வெளியே வந்தார்: சென்னையில் வளர்ந்து சிங்கப்பூரில் இருந்த விக்னேஷ் சுந்தரேசன். கூட்டாளி ஆனந்த் வெங்கடேஸ்வரன். மாநிறத்தவர்களும் கலைப் புரவலர்களாக முடியும் என்று காட்டவே வாங்கினோம் என்றார்கள். எனக்கும் அன்று கொஞ்சம் பெருமையாக இருந்தது, மறைப்பானேன். ஆனால் அதற்கு முன்பே பீப்பிளின் வேறு 20 படங்களை வாங்கி, அவற்றைப் பங்கு போட்ட மாதிரி பி.20 என்ற டோக்கனை இவர்கள் வெளியிட்டிருந்தார்கள். அது மார்ச்சில் 20 டாலரைத் தாண்டி, பிறகு ஒரு டாலருக்கும் கீழே போனது.

மற்றவர்கள் கதையும் அதேதான். ட்விட்டரை நிறுவியவர்களில் ஒருவரான ஜாக் டோர்சியின் முதல் ட்வீட்டை 2021-ல் ஒருவர் 29 லட்சம் டாலருக்கு வாங்கினார். 21 கோடி ரூபாய். 2022 ஏப்ரலில் விற்க வைத்தபோது முதலில் வந்த ஏலக் கேள்விகளில் பெரியது சுமார் 280 டாலர், அதாவது 21 ஆயிரம் ரூபாய். 2023-ல் 73,257 என்எஃப்டி தொகுப்புகளை ஆராய்ந்த ஒரு குழு, 69,795 தொகுப்புகளின் சந்தை மதிப்பு பூஜ்யம் என்றது.

ஆனால் பிளாக்செயின் என்ற அந்தக் கணக்கு நோட்டு மட்டும் நல்ல நோட்டு. தமிழ்நாடு மின் ஆளுமை முகமை 'நம்பிக்கை இணையம்' என்ற பெயரில் ஒரு பிளாக்செயினை அமைத்திருக்கிறது. அரசு தரும் சான்றிதழ் அசல்தானா என்று சரிபார்க்க. சான்றிதழை நாலு பேர் கூடி விலை ஏற்ற முடியாது. பின்னால் ஒரு அலுவலகம் இருக்கிறது, பதில் சொல்ல வேண்டிய ஆள் இருக்கிறார். பெரியம்மா கேட்ட செவுள் அதுதான். இந்த டோக்கனைக் காட்டினால் யார், எதை, எனக்குத் தந்தே ஆகவேண்டும்? இதற்குப் பதில் இருந்தால் அதற்கு உபயோகம் உண்டு. பதில் இல்லாதது அடுத்த ஏமாளி வரும் வரைதான் என்பது என் அபிப்பிராயம்.

பையன் அந்தக் குரங்கை விற்கப் பார்த்தான். கேட்க ஆள் இல்லை. வாங்க நினைக்கிறவர்கள் இன்னொன்றையும் தெரிந்துகொள்ளுங்கள். 2022 பட்ஜெட்டின்படி இந்த வகைச் சொத்தில் லாபம் வந்தால் 30 சதவீதம் வரி. நஷ்டம் வந்தால் அதை வேறு எந்த வருமானத்திலும் கழித்துக்கொள்ள முடியாது.