மேட்டூர் மால்கோ: கரண்டால் வந்து கரண்டால் போன ஆலை

பனியன் ஊரில் உட்கார்ந்துகொண்டு இவன் எதற்கு அலுமினியத்தைப் பற்றி எழுதுகிறான் என்று நினைப்பீர்கள். வகுப்பிலும் ஒருத்தன் கேட்டுவிட்டான். காரணம் இருக்கிறது, கொஞ்சம் பொறுங்கள்.

2012ல் நான் ரெண்டாவது படித்துக்கொண்டிருந்தேன். ஒரு நாளைக்குப் பத்து மணி நேரத்துக்கும் மேல் கரண்ட் இல்லாத காலம் அது. மாமாவின் நிட்டிங் யூனிட்டில் கரண்ட் போனதும் மெஷின்கள் ஒவ்வொன்றாக அடங்கும். துணியில் ஒரு கோடு விழும், சில ஊசிகள் உடையும். மாமா தலையில் கை வைப்பார், மற்றவர்கள் டீ குடிக்கப் போவார்கள். கரண்ட் வந்ததும் விட்ட இடத்தில் இருந்து மறுபடி ஓட்டலாம். டீசலுக்கு வழி இருந்தால் ஜெனரேட்டரைப் போடலாம். நஷ்டம்தான், ஆனால் மெஷின் சாகாது.

அலுமினிய உருக்காலை அப்படி இல்லை. கரண்ட் போனால் அந்த மெஷின் செத்தே போகும். இங்கிருந்து மூன்று மணி நேரப் பயணத்தில், மேட்டூரில் அப்படி ஒரு ஆலை இருந்தது. பெயர் மெட்ராஸ் அலுமினியம் கம்பெனி, சுருக்கமாக மால்கோ.

முதலில் கொஞ்சம் கெமிஸ்ட்ரி (ஓடிவிடாதீர்கள்!). மலையில் வெட்டும் பாக்சைட்டில் இருந்து அலுமினா என்ற வெள்ளைப் பொடியை எடுக்கிறார்கள். அதை உருகிய கிரையோலைட்டில் கரைத்து, சுமார் 960 டிகிரி சூட்டில் மின்சாரம் பாய்ச்சினால் அலுமினியம் அடியில் தங்குகிறது. 1886ல் அமெரிக்காவில் ஹால், பிரான்சில் ஹெரூல் என்ற இரண்டு இளைஞர்கள் தனித்தனியே கண்டுபிடித்த முறை இது. இருவருக்கும் அப்போது வயது 23க்குள். (நமக்கெல்லாம் அரியரே முடியவில்லை.) இன்றும் அதே முறைதான். ஒரு கிலோ அலுமினியத்துக்கு நவீன ஆலையில் 13, 14 யூனிட் மின்சாரம் வேண்டும், பழைய ஆலைகளில் 16, 17 யூனிட். நாலைந்து மணி நேரம் மின்சாரம் நின்றால் தொட்டியில் இருக்கும் குழம்பு கல்லாக உறைந்துவிடும். அதை உடைத்து வெளியே எடுத்து, தொட்டியின் உள்பூச்சைப் புதிதாகப் போட்டுத்தான் மறுபடி ஆரம்பிக்க முடியும்.

அதனால் உலகம் முழுக்க அலுமினிய ஆலைகள் மின்சாரத்தைத் தேடித்தான் போயின. இந்தியாவில் 1943ல் முதலில் உருக்கத் தொடங்கிய கேரளத்து ஆலுவா ஆலை பள்ளிவாசல் நீர்மின்சாரத்தை நம்பி வந்தது. 1962ல் உத்தரப் பிரதேச ரேணுகூட்டில் வந்த ஹிண்டால்கோ ரிஹந்த் அணையை நம்பி வந்தது. மால்கோவுக்கு மேட்டூர் அணை.

மேட்டூர் அணை 1934ல் கட்டி முடிக்கப்பட்டது. 1937ல் அணை மின்நிலையம் ஓடத் தொடங்கியது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பே பைக்காரா மின்சாரம் கோவைக்கு வந்து பஞ்சாலைகள் பெருகியிருந்தன. இந்த இரண்டு நீர்மின்சாரமும் இல்லாமல் நம் கொங்கு நாட்டு மில்களும் இல்லை, பனியனும் இல்லை. மால்கோவும் நம் மெஷின்களும் ஒரே தாய்ப்பால் குடித்தவை என்று நான் சொல்வது இதனால்தான்.

இத்தாலியின் மான்டெகாட்டினி நிறுவனத்தின் தொழில்நுட்ப உதவியோடு மால்கோ 1965ல் உற்பத்தியைத் தொடங்கியது. அதே சமயத்தில்தான் அணையில் 200 மெகாவாட் சுரங்க மின்நிலையமும் வந்தது. பாக்சைட் பக்கத்திலேயே ஏற்காட்டிலும் கொல்லிமலையிலும் கிடைத்தது. ஆண்டுக்கு 10,000 டன்னில் தொடங்கி 25,000 டன் வரை திறன் வளர்ந்தது. காகிதத்தில் பார்த்தால் பிரமாதமான இடம்.

ஆனால் ஒரு கணக்கு இடித்தது. 25,000 டன்னுக்கு, டன்னுக்கு 17,000 யூனிட் என்று போட்டால், சுமார் 48 மெகாவாட் இரவும் பகலும் வருஷம் முழுக்க வேண்டும். 1937ல் தொடங்கிய அணை மின்நிலையத்தின் மொத்தத் திறனே 40 மெகாவாட்தான். மேட்டூர் அணையோ பாசனத்துக்காகக் கட்டியது. வழக்கப்படி ஜூன் 12ல் திறந்து ஜனவரி 28ல் மூடுவார்கள். டெல்டாவுக்குத் தண்ணீர் போகும்போது டர்பைன் சுற்றும், தண்ணீர் இல்லையென்றால் சும்மா நிற்கும். உருக்காலைக்கு ஜனவரி என்ன, ஏப்ரல் என்ன? அது மாநில மின்கட்டமைப்பையே நம்பி இருந்தது. அந்தக் கட்டமைப்பில்தான் பம்ப் செட்டும், பஞ்சாலையும், வீட்டு விளக்கும் வரிசையில் நின்றன. மின்சாரம் தட்டுப்படும்போது உற்பத்தியைக் குறைப்பதும், கட்டணம் ஏறும்போது கையைக் கடிப்பதுமாகப் போய், நலிந்த ஆலை என்ற பட்டியலில் சேர்ந்து, 1990களின் தொடக்கத்தில் பூட்டிக் கிடந்தது.

1995ல் ஸ்டெர்லைட் குழுமம் அதை வாங்கித் திறந்தது. பிறகு செய்த காரியம் புத்திசாலித்தனமானது என்றே நினைக்கிறேன்: 1999ல் சொந்தமாக 75 மெகாவாட் நிலக்கரி மின்நிலையம் கட்டினார்கள். அது இடைவிடாமல் ஓடினால் ஆண்டுக்குச் சுமார் 65 கோடி யூனிட். கிலோவுக்கு 16 யூனிட் என்றால் 40,000 டன் அலுமினியம். ஆலையின் திறனும் கிட்டத்தட்ட அந்த அளவுக்குத்தான் வந்தது. பின்னால் இன்னும் 25 மெகாவாட் சேர்த்து 100 ஆனது. ஆற்றை நம்பி வந்த ஆலை ஆற்றைக் கைவிட்டதில் எனக்கு ஒரு வேடிக்கை தெரிகிறது.

அப்புறம் 2008. ஜூலையில் லண்டன் சந்தையில் டன் 3,200 டாலருக்கு மேல் விற்ற அலுமினியம், டிசம்பரில் 1,500க்குக் கீழே விழுந்தது. அதே மாதங்களில்தான் தமிழ்நாட்டில் ஆலைகளுக்கு மின்வெட்டு அறிவித்தார்கள், திருப்பூரில் ஜெனரேட்டர் விற்பவர்களுக்கு நல்ல காலம். ஒரு கால்குலேட்டர் எடுங்கள். டாலர் 48 ரூபாய் என்றால் ஒரு கிலோ அலுமினியம் 72 ரூபாய். அதைச் செய்ய 16 யூனிட். தட்டுப்பாடான சந்தையில் யூனிட் 5 ரூபாய்க்குப் போகிறது என்று வைத்துக்கொண்டாலும் 80 ரூபாய். பாக்சைட், கார்பன், சம்பளம் எதுவும் இன்னும் சேர்க்கவில்லை! உலோகமாக மாற்றாமல் மின்சாரத்தை அப்படியே விற்றால்தான் லாபம்.

2008 இறுதியில் உருக்காலை நின்றது. மலைகளில் பாக்சைட் வெட்டுவதும் நின்றது. மின்நிலையம் மட்டும் ஓடியது, மின்சாரம் வெளியே விற்கப்பட்டது. எங்கள் மாமா யூனிட்டில் அந்த நாட்களில் ஒரு மணி நேரம் கூடுதலாகக் கரண்ட் வந்திருந்தால், அதில் மேட்டூர் தொட்டிகளுக்குப் போயிருக்க வேண்டிய பங்கும் கொஞ்சம் இருந்திருக்கலாம். அங்கே வேலை போனவரின் இழப்பு இங்கே தறியும் தையலும் ஓடுவதற்கு உதவியது என்பதை எப்படி எடுத்துக்கொள்வது என்று எனக்கு இன்னமும் தெரியவில்லை. திருப்பூர்க்காரனாகச் சந்தோஷப்பட வேண்டும்தான். முடியவில்லை.

இது நம் ஊர் விசித்திரமும் இல்லை. 2000ல் கலிபோர்னியா மின்நெருக்கடியின்போது, அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் கைசர் நிறுவனம் தன் மீட் உருக்காலையை நிறுத்திவிட்டு, குறைந்த விலைக்கு ஒப்பந்தம் போட்டிருந்த மின்சாரத்தைக் கூடுதல் விலைக்கு விற்றது. அந்த ஆலை மறுபடி பழைய நிலைக்கு வரவே இல்லை. சீனாவில் நிலக்கரியை விட்டு நீர்மின்சாரத்துக்காக யுன்னான் மாகாணத்துக்குப் போன ஆலைகள், 2022லும் 2023லும் ஆறு வற்றியதும் உற்பத்தியைக் குறைத்தன. மேட்டூர்க்காரர்களைக் கேட்டிருந்தால் சொல்லியிருப்பார்கள்.

புதிய ஆலைகள் எங்கே வந்தன? நிலக்கரி இருக்கும் இடத்தில். மால்கோவை வாங்கிய அதே குழுமம் 2001ல் சத்தீஸ்கர் கோர்பாவின் பால்கோவை வாங்கி, அங்கே இரண்டரை லட்சம் டன்னுக்குப் புது உருக்காலை கட்டியது. ஒடிசாவின் ஜார்சுகுடாவில் ஐந்து லட்சம் டன் ஆலை உற்பத்தி தொடங்கியதும் 2008ல்தான், மேட்டூர் நின்ற அதே ஆண்டு. நாற்பதாயிரம் எங்கே, ஐந்து லட்சம் எங்கே. மேட்டூரின் தொட்டிகள் சோடர்பெர்க் என்ற பழைய வகை, மின்சாரம் அதிகம் குடிப்பவை. விலை திரும்ப ஏறியபோதும் அவற்றை யாரும் உயிர்ப்பிக்கவில்லை.

மேட்டூரில் மிச்சம் இருப்பது அலுமினா எடுத்த பிறகு கொட்டிய சிவப்புச் சேறு. மலைகளில் வெட்டிய தழும்புகள் இருக்கின்றன. அந்த 100 மெகாவாட் மின்நிலையமும் 2017 மே மாதத்தோடு நிறுத்தப்பட்டது. தென் மாநிலங்களில் மின்சாரத்துக்குத் தேவை குறைவு என்று காரணம் சொன்னார்கள். அதற்குள் தமிழ்நாட்டில் பெரிய மின்வெட்டுக்காலம் முடிந்திருந்தது. மாமா ஜெனரேட்டரைப் பாதி விலைக்குக் கொடுத்துவிட்டார்.