ஏரி உடையும், குளம் உடையாது

மாமல்லபுரத்துக் குன்றின் மேற்குப் புறத்தில் கோனேரி மண்டபம் இருக்கிறது. ஐந்து கருவறைகள் கொண்ட பல்லவர் குடைவரை. கடற்கரைக் கோயிலோடு திரும்பிவிடுகிறவர்கள் இந்தப் பக்கம் வருவதில்லை. எதிரிலுள்ள நீர்நிலையின் பெயர் கோனேரிப் பள்ளம். கோன் + ஏரி, அதாவது அரசன் ஏரி. (கல்வெட்டுகளில் வரும் 'கோனேரின்மைகொண்டான்' என்பதற்கும் இதற்கும் உறவில்லை, அது கோ + நேர் + இன்மை, தனக்கு நிகரான மன்னன் இல்லாதவன்.)

ஏரி எதற்கு ஏரி ஆயிற்று? ஏர் உழவுக்கு நீர் தருவதால் என்பார்கள். கேட்க நன்றாக இருக்கிறது, ஆனால் ஒப்ப முடியவில்லை. கன்னடத்தில் நீர்நிலைக்குப் பெயர் 'கெரெ'. 'ஏரி' என்றால் அதன் கரை. தமிழ் அகராதியிலும் காளையின் திமிலுக்கு ஏரி என்றொரு பொருள் உண்டு. சங்க நூல்களின் 'ஏர்பு' எழுந்து என்று பொருள்படும். ஆக, ஏரி முதலில் மேடு. தேங்கிய நீருக்கு அந்தப் பெயர் பிறகு வந்தது என்பதே பொருத்தம்.

செங்கல்பட்டு நிலத்தைப் பார்த்தால் இது விளங்கும். மேற்கிலிருந்து கடலை நோக்கித் தரை மெல்லச் சரிகிறது. இங்கே ஆழமாக வெட்ட வேண்டியதில்லை. சரிவின் தாழ்ந்த பக்கம் பிறைபோல வளைத்துக் கரை போட்டால் ஐப்பசி, கார்த்திகை மழை தானே வந்து நிற்கும். மேல்பக்கம் திறந்தே கிடக்கும். கோடையில் ஏரிக்கு எல்லை எது என்று சொல்வதே கடினம். கரையில் மதகு, மிகுநீர் வழிய ஒரு கலங்கல், அவ்வளவுதான் கட்டுமானம். அதனால்தான் குளத்தை 'வெட்டினார்கள்' என்கிறோம், வெள்ளத்தில் 'ஏரி உடைந்தது' என்கிறோம். தண்ணீரா உடைகிறது?

மதுராந்தகத்தில் கலெக்டர் லயோனல் பிளேஸ் 1798இல் அஞ்சியதும் ஏரிக்கரை உடைவதற்குத்தான். வில்லேந்திய இராம லட்சுமணர் கரையில் காவல் நின்றதைக் கண்டார் என்பது ஊர்க்கதை. அங்குள்ள கோயிலின் 'ஏரி காத்த ராமர்' என்ற பெயரில் ஏரிக்குக் கரை என்ற பழம்பொருள் அப்படியே நிற்கிறது.

அரசர்கள் கல்லில் வேறு சொல் வெட்டினார்கள். பல்லவ மன்னன் மகேந்திரவர்மனின் பட்டப்பெயரால் அமைந்த சித்திரமேக தடாகம் இன்று மாமண்டூர் ஏரி. பட்டமும் தடாகமும் கல்வெட்டோடு சரி.

இப்போது நேர்மாறாக, செய்யூர்ப் பக்கத்து ஓதியூரிலும் வடக்கே பழவேற்காட்டிலும் கடல்நீர் புகும் கழிகளை ஏரி என்றே எழுதுகிறார்கள். கரை கட்டாத உப்புநீருக்கு உப்பங்கழி என்ற நல்ல சொல் இருக்கிறது. பெயர்ப்பலகை எழுதுகிறவர்கள் அதைப் பயன்படுத்தலாம்.