இரத்மலானையில் எரிந்த விமானம்

கொழும்பிலிருந்து காலி வீதி வழியே தெற்கு நோக்கிச் செல்வோர் வெள்ளவத்தை, தெஹிவளை, கல்கிசை ஆகிய இடங்களைக் கடந்து இரத்மலானையை அடைவர். இலங்கையின் முதலாவது விமான நிலையம் 1930களில் இங்கேதான் அமைந்தது. புகையிரதப் பகுதியின் பெருந்தொழிற்சாலையும் இங்கேதான் உண்டு. சிங்களரும் தமிழரும் முஸ்லிம்களும் தோளோடு தோள் நின்று உழைத்த ஊர் இது. நம் நாட்டில் ஆயுதப் போராட்டம் தோன்றி வளர்ந்து அழிந்த வரலாற்றை இவ்வூரின் ஓடுபாதையில் நின்றே ஒருவாறு விளங்கிக்கொள்ளலாம்.

1978ஆம் ஆண்டு செப்டெம்பர் 7ஆம் திகதி ஜே. ஆர். ஜெயவர்த்தனா அரசாங்கத்தின் புதிய அரசியலமைப்பு நடைமுறைக்கு வந்தது. அதே நாளில், பலாலியிலிருந்து வந்திறங்கிய எயர் சிலோன் நிறுவனத்தின் அவ்ரோ விமானமொன்று இரத்மலானையில் வெடித்து எரிந்தது. விடுதலைப் புலிகள் வைத்த குண்டு அது. பயணிகள் யாவரும் இறங்கிவிட்ட பின்னரே அது வெடித்தமையால் உயிர்ச்சேதம் ஏற்படவில்லை.

இருபது ஆண்டுகள் கழித்து, 1998 செப்டெம்பர் 29ஆம் திகதி, அதே பலாலியிலிருந்து அதே இரத்மலானையை நோக்கி லயன் எயர் விமானம் ஒன்று புறப்பட்டது. பயணிகளும் பணியாளருமாக 55 பேர் அதில் இருந்தனர். பயணிகளில் மிகப் பெரும்பாலோர் தமிழர். வைத்தியத்துக்கும் படிப்புக்கும் கொழும்பு வரவேண்டிய வடபகுதி மக்களுக்குத் தரைவழி அடைபட்டிருந்த காலம் அது. அவ்விமானம் இரத்மலானைக்கு வந்து சேரவேயில்லை. புலிகளின் ஏவுகணை அதனை வடமேற்குக் கடலில் வீழ்த்தியது என்பது பின்னர் தெளிவாயிற்று. அதன் சிதைவுகள் 2012இலேயே கடலடியில் கண்டறியப்பட்டன.

அரசுக்கு எதிராக ஏந்தப்பட்ட ஆயுதம், எந்த மக்களின் பெயரால் ஏந்தப்பட்டதோ அந்த மக்களையே இருபதாண்டுகளுள் பலிகொண்டது எவ்வாறு? இக்கேள்வியைத் தட்டிக்கழித்துவிட்டு எழுதப்படும் வரலாறு எதுவும் நமக்குப் பயன்படாது.

ஆயுதம் தானாக முளைத்ததன்று என்பதை முதலிற் சொல்லியாக வேண்டும். 1956 ஜூன் 5ஆம் திகதி, தனிச்சிங்களச் சட்டத்தை எதிர்த்துக் காலிமுகத்திடலில் அமைதியாக அமர்ந்திருந்த சத்தியாக்கிரகிகள் குண்டர்களால் தாக்கப்பட்டனர். 1957இல் பண்டாரநாயக்காவும் செல்வநாயகமும் செய்த ஒப்பந்தம் மறு ஆண்டே கிழித்தெறியப்பட்டது. 1965இல் டட்லி சேனநாயக்கா செய்த ஒப்பந்தமும் கைவிடப்பட்டது. பல்கலைக்கழக அனுமதியில் வந்த தரப்படுத்தல் இளைஞரின் உள்ளத்தில் ஆறாத புண்ணாயிற்று. 1976 மே மாதம் வட்டுக்கோட்டையில் தனிநாட்டுத் தீர்மானம் நிறைவேறியது. அதே மாதத்திற்றான் விடுதலைப் புலிகள் இயக்கமும் அப்பெயரைப் பூண்டது.

அயர்லாந்தின் வரலாறு அறிந்தோர்க்கு இவ்வரிசை புதிதன்று. 1916இல் டப்ளின் நகரில் எழுச்சி செய்தோர்க்கு அந்நகர மக்களிடையே ஆதரவு சொற்பமாகவே இருந்தது. பிரித்தானியர் அதன் தலைவர்களைச் சுட்டுக் கொன்றதும் நிலைமை மாறிற்று. 1918இன் தேர்தலில் அயர்லாந்தின் 105 இடங்களுள் 73ஐ ஷின் ஃபெயின் கைப்பற்றியது. மறுபுறம், 1956இல் அயர்லாந்துக் குடியரசுப் படை எல்லைப்புறத்தில் தொடங்கிய போர், மக்கள் ஆதரவின்றி 1962இல் கைவிடப்பட்டது. அப்படையை மீண்டும் உயிர்ப்பித்தது எது? வட அயர்லாந்தில் வீட்டுரிமையும் வாக்குரிமையும் கேட்டு 1968இல் டெரி நகரில் ஊர்வலம் சென்றோரைப் பொலிசார் அடித்து நொறுக்கினர். 1972 ஜனவரியில் அதே நகரில் நிராயுதபாணிகளான 13 பேரைப் படையினர் சுட்டுக் கொன்றனர். காயமுற்ற இன்னொருவர் பின்னர் இறந்தார். அதன்பின் குடியரசுப் படையின் வாசலில் இளைஞர் வரிசையில் நின்றனர்.

சட்டங்களிலும் இவ்வொற்றுமை உண்டு. பர்மிங்காம் குண்டுவெடிப்பை அடுத்து 1974இல் பிரித்தானியா பயங்கரவாதத் தடைச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1979இல் இலங்கை அதே பெயருடைய சட்டத்தை இயற்றிக்கொண்டது. விசாரணையின்றிப் பதினெட்டு மாதம் வரை தடுத்துவைக்கவும், பொலிசாரிடம் அளித்த வாக்குமூலத்தையே சான்றாக்கவும் அது வழிசெய்தது. தற்காலிகச் சட்டமெனப் பிறந்த அது 1982இல் நிரந்தரமாக்கப்பட்டது.

அக்காலத்தில் அடிபட்டவர்கள் தமிழ் இளைஞர் மட்டுமல்லர். 1980 ஜூலையில் சம்பள உயர்வு கேட்டுப் பொது வேலைநிறுத்தம் எழுந்தபோது இரத்மலானைப் புகையிரதத் தொழிலாளர் அதில் முன்னணியில் நின்றனர். அரசாங்கம் சுமார் 40,000 பேரை ஒரே அடியில் வேலையிலிருந்து நீக்கியது. யாழ்ப்பாணத்து இளைஞனைச் சிறையிலிட்ட கையும் இரத்மலானைத் தொழிலாளியை வீதியில் நிறுத்திய கையும் ஒன்றே. அதை இருவரும் உணர்ந்து ஒன்று சேர்ந்திருப்பின் நாட்டின் கதி வேறாகியிருக்கும். அவர்களை ஒன்று சேர்க்கக் கடமைப்பட்டிருந்தவர்கள் இடதுசாரிகள். ஆனால், ஒரு மொழியைத் திணித்தால் நாடு இரண்டாகும் என 1956இல் எச்சரித்த கொல்வின் ஆர். டி சில்வாவே, சிங்களத்துக்கு அரியணையும் பௌத்தத்துக்கு முதன்மையும் வழங்கிய 1972ஆம் ஆண்டு அரசியலமைப்பின் சிற்பியாகவும் இருந்தார். நமது முகாமின் இத்தவறை மறைத்துவிட்டு இளைஞரைக் குறைகூற நமக்கு உரிமையில்லை.

பின்னர் வந்தது 1983 ஜூலை. திருநெல்வேலியில் 13 படையினர் புலிகளால் கொல்லப்பட்டதைச் சாக்காக வைத்துக் கொழும்பில் தமிழரின் வீடுகளும் கடைகளும் எரியூட்டப்பட்டன. வெள்ளவத்தை புகைந்தது. வெலிக்கடைச் சிறையில் இரு தடவைகளில் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். வீடிழந்தவர்கள் கோவில்களிலும் பள்ளிக்கூடங்களிலும் அடைக்கலம் புகுந்தனர். இரத்மலானையின் விமானக் கொட்டகைகளும் அகதி முகாமாயின. ஐந்தாண்டுகளுக்கு முன் ஆளற்ற விமானம் எரிந்த இடத்தில், ஆயிரக்கணக்கானோர் மாற்றுடையின்றி வெறும் சீமெந்துத் தரையிற் படுத்தனர். தமிழ் அயலவரைத் தம் வீடுகளில் ஒளித்துக் காத்த சிங்களர் பலர் இருந்தனர் என்பதையும் மறக்கலாகாது. காடையரைக் கையில் வாக்காளர் பட்டியலோடு அலையவிட்டவர்கள் அந்தச் சாதாரண மக்களல்லர்.

அதுவரை விரல்விட்டு எண்ணத்தக்கவர்களாயிருந்த இயக்கங்களில் அதன்பின் ஆயிரக்கணக்கானோர் சேர்ந்தனர். பாக்குநீரிணையைக் கடந்து இந்தியாவிற் பயிற்சி பெற்றனர். விடுதலைப் புலிகள், டெலோ, புளொட், ஈ.பி.ஆர்.எல்.எஃப்., ஈரோஸ் என இயக்கங்கள் பெருகின. 1985இல் திம்புவில் இவை ஐந்தும் தமிழர் விடுதலைக் கூட்டணியும் சேர்ந்து நான்கு பொதுக் கோட்பாடுகளை முன்வைத்தன. அவ்வொற்றுமை ஓராண்டும் நிலைக்கவில்லை. 1986 ஏப்ரல் இறுதியிற் புலிகள் டெலோ மீது பாய்ந்தனர். அதன் தலைவர் சிறீ சபாரத்தினம் மே 6ஆம் திகதி கொல்லப்பட்டார். ஆண்டிறுதியில் ஈ.பி.ஆர்.எல்.எஃப். தாக்கப்பட்டது. தம் ஊர் வீதிகளில் தமிழ் இளைஞர் தமிழ் இளைஞரால் சுடப்படுவதை யாழ்ப்பாணத்து மக்கள் கண்டு வாயடைத்து நின்றனர். ஏனைய இயக்கங்களின் கைகளிலும் இரத்தக்கறை இருந்தது. உட்கொலைகளும் சித்திரவதைகளும் ஒருவருக்கு மட்டும் உரியனவாக இருக்கவில்லை.

வாயடைப்பு அங்கேதான் தொடங்கியது. 1989இல் அ. அமிர்தலிங்கம் கொழும்பிற் சுட்டுக் கொல்லப்பட்டார். அதே ஆண்டு செப்டெம்பரில், எல்லாத் தரப்பினரின் கொடுமைகளையும் பதிவுசெய்த வைத்தியப் பேராசிரியை ரஜனி திராணகம யாழ்ப்பாணத்தில் வீழ்த்தப்பட்டார். 1999இல், அரசியலமைப்புத் தீர்வுக்காக உழைத்த நீலன் திருச்செல்வம் கொழும்பில் தற்கொலைக் குண்டுக்குப் பலியானார். 1990 ஒக்டோபரில் வடபகுதி முஸ்லிம்கள் அனைவரும் பிறந்த மண்ணிலிருந்து விரட்டப்பட்டனர். 1996 ஜூலை 24ஆம் திகதி, வேலை முடிந்து வீடு திரும்பியோர் நிறைந்த புகையிரதத்தில் தெஹிவளையிற் குண்டு வெடித்து 60க்கு மேற்பட்டோர் மாண்டனர். இரத்மலானைத் தொழிலாளியின் வண்டி அது.

அரசின் கணக்கு இதனாற் குறைந்துவிடாது. 1995இல் நவாலித் தேவாலயத்தில் அடைக்கலம் புகுந்தோர் மீது குண்டு வீசப்பட்டது. 2007 ஜூனில் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை, புறக்கோட்டை விடுதிகளில் தங்கியிருந்த முந்நூறுக்கு மேற்பட்ட தமிழர் பஸ்களில் ஏற்றப்பட்டுத் தலைநகரிலிருந்து அகற்றப்பட்டனர். உச்ச நீதிமன்றமே தலையிட்டு அதனைத் தடுத்தது. 2009 மே மாதம் முள்ளிவாய்க்காலில் யுத்தம் முடிந்தபோது, கடைசி மாதங்களில் மட்டும் நாற்பதாயிரம் பொதுமக்கள் வரை இறந்திருக்கலாம் என ஐக்கிய நாடுகள் சபைச் செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழு கூறிற்று. அந்தக் குறுகிய கடற்கரையில் மக்களை வெளியேறவிடாது தடுத்தவர்களும், வெளியேற வழியற்றோர் மீது எறிகணை வீசியவர்களும் வரலாற்றுக்குப் பதில் சொல்லியே ஆகவேண்டும்.

அயர்லாந்திலும் சகோதர யுத்தம் இல்லாமலில்லை. 1922–23இன் உள்நாட்டுப் போரில் நேற்றைய தோழர்களே தோழர்களைச் சுட்டனர். 1969இன் பிளவுக்குப் பின்னும் அதிகாரபூர்வப் பிரிவும் தற்காலிகப் பிரிவும் மோதின. ஆயினும் ஒரு வேறுபாடு நம் கவனத்துக்குரியது. ஆயுதத்தை நிராகரித்த ஜோன் ஹியூம் அங்கே உயிரோடு இருந்தார். அவரது கட்சி வட அயர்லாந்தின் தேசியவாத வாக்குகளில் 2001 வரை ஷின் ஃபெயினைவிடக் கூடுதலான பங்கைப் பெற்றுவந்தது. துப்பாக்கி ஏந்தியோர் அந்த வாக்குகளைக் கேளாதிருக்க முடியவில்லை. எதிர்த்தரப்பு அரசும் இறுதியில் மேசைக்கு வந்தது. 1994இல் போர்நிறுத்தம், 1998இல் பெரிய வெள்ளி ஒப்பந்தம், 2005இல் ஆயுதக் களைவு எனப் படிப்படியாக அப்பாதை நீண்டது. இடையே சுமார் 3,500 உயிர்கள் போயின. ஒப்பந்தத்துக்குப் பின்னும் ஓமா நகரில் 29 பேர் மாண்டனர். அந்த அமைதி மலிவாகக் கிடைக்கவில்லை.

நம் நாட்டிலோ, அரசு ஒவ்வோர் ஒப்பந்தத்தையும் கிழித்தது. இயக்கம் ஒப்பந்தம் செய்யத்தக்கவர்களைக் கொன்றது. தன்னைக் கேள்வி கேட்கும் தமிழனைத் துரோகியெனக் கொன்ற நாளிலேயே அவ்வாயுதம் மக்களிடமிருந்து பிரிந்துவிட்டது. லயன் எயர் விமானத்தின் மீது அது குறிவைத்தது அதன் தொடர்ச்சியே.

இன்றும் இரத்மலானை ஓடுபாதையின் மேல் விமானங்கள் தாழப் பறக்கின்றன. 1978இன் விமானம் எரிந்த தடயமோ, 1983இன் அகதிகள் படுத்த அடையாளமோ அங்கே நம் கண்ணுக்குப் புலப்படுவதில்லை. அன்று வேலையிழந்த தொழிலாளியின் பிள்ளைகளும், கொட்டகையிற் படுத்தோரின் பிள்ளைகளும், வடமேற்குக் கடலில் மாண்டோரின் பிள்ளைகளும் இந்நாட்டின் உழைக்கும் மக்களே. ஒருவர் இழப்பை மற்றவர் அறியாதிருக்கும் வரையில், அவர்களைப் பிரித்து ஆள்வோர்க்கு வேலை எளிது. அவ்வறியாமையைப் போக்கும் பணியேனும் எழுதுவோராகிய நம்முடையது.