அம்பாறை மாவட்டம்: எல்லைகளும் எண்ணிக்கைகளும்

இலங்கையில் முஸ்லிம்கள் மிக அதிகமாக வாழும் மாவட்டம் எது என்று கேட்டால் பள்ளிப் பிள்ளையும் அம்பாறை என்று சொல்லும். ஆனால் அந்த மாவட்டம் எப்படி உண்டானது, அதன் எல்லைக்குள் யார் யார் எங்கெங்கே இருக்கிறார்கள் என்று கேட்டால் நம்மில் பலர் தடுமாறுகிறோம். எனது ஊரும் இம்மாவட்டத்தின் கரையோரத்தில்தான் உள்ளது. ஆகவே குடிசன மதிப்பீட்டு அட்டவணைகளை வைத்துக்கொண்டு இதைச் சற்று விளக்கலாம் என்று எண்ணுகிறேன்.

1961 ஏப்ரல் வரை அம்பாறை என்றொரு மாவட்டம் இருக்கவில்லை. கல்முனை, சம்மாந்துறை, நிந்தவூர், அக்கரைப்பற்று, பொத்துவில் யாவும் மட்டக்களப்பு மாவட்டத்தைச் சேர்ந்தவை. கரவாகுப்பற்று, சம்மாந்துறைப்பற்று, நிந்தவூர்ப்பற்று, அக்கரைப்பற்று, பாணமைப்பற்று என்று பற்றுகளாகவே நிருவாகம் நடந்தது. நம் மூத்தவர்கள் கச்சேரி அலுவல் என்றால் மட்டக்களப்புக்குத்தான் போனார்கள். 1949இல் கல்லோயாத் திட்டம் தொடங்கியது. பட்டிப்பளை ஆறு என்று நாம் அழைத்த அதே ஆறு இங்கினியாகலையில் மறிக்கப்பட்டு சேனநாயக்க சமுத்திரம் உருவானது. அதன் கீழ் கொலனிகள் எழுந்தன. பெரும்பாலானவற்றில் வெளி மாவட்டங்களிலிருந்து வந்த சிங்களக் குடும்பங்கள் குடியேற்றப்பட்டன. மத்தியமுகாம் பக்கத்தில் தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் சில கொலனிகள் கிடைத்தன. திட்டத்தின் தலைமையிடமாக வளர்ந்த அம்பாறை நகரமே பின்னர் புதிய மாவட்டத்தின் தலைநகருமாயிற்று.

இனி எண்ணிக்கைகளுக்கு வருவோம். மாவட்டம் உருவானபின் எடுக்கப்பட்ட முதலாவது குடிசன மதிப்பீடு 1963இல் நடந்தது. அப்போது மொத்த மக்கள் சுமார் 2 இலட்சத்து 11 ஆயிரம். அதில் முஸ்லிம்கள் ஏறத்தாழ 46 வீதம், சிங்களவர் 29 வீதம், தமிழர் 23 வீதம். 1981இல் மொத்தம் சுமார் 3 இலட்சத்து 89 ஆயிரமாக உயர்ந்தபோது முஸ்லிம்கள் 41 வீதத்துக்குச் சற்று மேல், சிங்களவர் ஏறத்தாழ 38 வீதம், தமிழர் 20 வீதம். 1991இல் யுத்தத்தால் கணக்கெடுப்பே நடக்கவில்லை. 2012இல் மொத்தம் சுமார் 6 இலட்சத்து 49 ஆயிரம். முஸ்லிம்கள் 43 வீதத்துக்கு மேல், சிங்களவர் 39 வீதமளவில், தமிழர் 17 வீதமளவில்.

இதை வாசிக்கும்போது இரண்டு விடயங்களைக் கவனிக்க வேண்டும். ஒன்று, மதிப்பீட்டில் 'முஸ்லிம்' என்று ஓர் இனம் இல்லை. 'இலங்கைச் சோனகர்' என்றும் 'மலாயர்' என்றும் தனித்தனியாக இருக்கும். சமயப் பிரிவில்தான் இஸ்லாம் வரும். இரண்டையும் குழப்பினால் கணக்கு பிசகும். மற்றது, வீதம் வேறு, தொகை வேறு. 1963க்கும் 2012க்கும் இடையில் நமது வீதம் சற்றுக் குறைந்தாலும் தொகை ஏறத்தாழ மூன்று மடங்காகியது. "நாங்க குறைஞ்சு போனோம்" என்று திண்ணையில் பேசுவதும், "நாங்க பெருகிட்டோம்" என்று மேடையில் பேசுவதும் பாதி உண்மைகளே.

மாவட்டத்தில் 20 பிரதேச செயலகப் பிரிவுகள் உள்ளன. அம்பாறை, உகணை, தமணை, லகுகலை, மகாஓயா, பதியத்தலாவை, தெஹியத்தகண்டிய ஆகிய ஏழும் சிங்களப் பெரும்பான்மை கொண்டவை. கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று, சம்மாந்துறை, இறக்காமம், பொத்துவில் எட்டும் முஸ்லிம் பெரும்பான்மை. கல்முனை வடக்கு, காரைதீவு, நாவிதன்வெளி, ஆலையடிவேம்பு, திருக்கோவில் ஐந்தும் தமிழ்ப் பெரும்பான்மை. இவற்றில் கல்முனை வடக்கின் அந்தஸ்து இன்றும் இரு சமூகங்களுக்கிடையில் தீராத வழக்காகவே இருக்கிறது. பாராளுமன்றத் தேர்தலுக்கு முழு மாவட்டமும் திகாமடுல்ல என்ற பெயரில் ஏழு உறுப்பினர்களைத் தெரிவு செய்கிறது. அம்பாறை, சம்மாந்துறை, கல்முனை, பொத்துவில் என்பன அதன் நான்கு தொகுதிகள்.

பிரிவுகளின் எண்ணிக்கையைப் பார்த்தால் நமக்குக் குறையில்லைபோலத் தெரியும். நிலத்தைப் பார்த்தால்தான் விடயம் விளங்கும். 4,415 சதுர கிலோமீற்றர் மாவட்டத்தில் லகுகலைப் பிரிவு மட்டும் பல நூறு சதுர கிலோமீற்றர் விரிந்து கிடக்கிறது. அங்கே 2012இல் 10 ஆயிரம் பேர்கூட இல்லை. சாய்ந்தமருதோ கடலுக்கும் வயலுக்கும் நடுவே ஒரு துண்டு நிலம்; அதில் 25 ஆயிரமளவு மக்கள். லகுகலையில் பெரும்பகுதி காடும் சரணாலயமும்தான் என்பதையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். ஆனாலும் நெருக்கடி நெருக்கடியே.

இந்த நெருக்கடியில் எங்கட குடும்ப வழக்கத்துக்கும் பங்குண்டு. கிழக்கில் மகளுக்கு வீடு வளவு கொடுத்தே கலியாணம் செய்கிறோம். மூன்று பெண் பிள்ளைகள் இருந்தால் வாப்பாவின் 20 பேர்ச் வளவு மூன்றாகும். அடுத்த தலைமுறையில் அதுவும் துண்டாகும். "மகளுக்குக் குடுக்க ஒரு துண்டு காணி இல்லயே" என்ற உம்மாமாரின் கவலைதான் நமது குடித்தொகைப் புள்ளிவிபரத்தின் உயிருள்ள வடிவம். 2004 டிசம்பர் 26இல் சுனாமி நாட்டிலேயே அதிக உயிர்களை, 10 ஆயிரத்துக்கும் மேல், இம்மாவட்டத்தில்தான் பறித்தது. ஓடிப்போக ஊருக்குள் இடைவெளி இருக்கவில்லை. கடலோரத்திலிருந்து 200 மீற்றருக்குள் கட்டக்கூடாது என்று பின்னர் சொன்னபோது, கட்டுவதற்கு வேறு காணி எங்கே என்ற கேள்விக்குப் பலருக்குப் பதில் கிடைக்கவில்லை.

நிருவாகக் கதையின் இன்னொரு முடிச்சு 1987இல் விழுந்தது. அதுவரை கல்முனைப் பட்டினசபையும் கரவாகு வடக்கு, தெற்கு, மேற்கு கிராமசபைகளும் தனித்தனியாக இயங்கின. இவை ஒரே பிரதேச சபையாக்கப்பட்டன. அதுவே பின்பு மாநகர சபையானது. சாய்ந்தமருது மக்கள் தமக்குத் தனிச் சபை கேட்பதன் வேர் இங்கேதான் உள்ளது. 2020 பெப்ரவரியில் நகர சபைக்கு வர்த்தமானி வந்தது, சில நாட்களிலேயே நிறுத்தப்பட்டது. கரையோரத் தொகுதிகளைச் சேர்த்துத் தமிழ்மொழி நிருவாக மாவட்டம் வேண்டும் என்ற கோரிக்கையும் பல்லாண்டாக நிற்கிறது. பொத்துவிலிலிருந்து அக்கரைப்பற்றுக்கு வந்து, பஸ் மாறி அம்பாறைக்குப் போய், விளங்காத மொழியில் ஒரு கடிதத்தை வாங்கித் திரும்பும் ஒருவருக்கு அந்தக் கோரிக்கை வெறும் அரசியல் அல்ல.

அதேசமயம் ஒன்றை மறக்கக்கூடாது. நாம் ஒரு கோடு கேட்கும்போது, அதே காரணங்களைச் சொல்லி அயல் ஊரும் ஒரு கோடு கேட்கும். கல்முனையில் அதைத்தான் பார்க்கிறோம். எல்லை பற்றிய பேச்சு மேடைகளில் கூச்சலாக முடிவதற்குக் காரணம், நம் கையில் கணக்கு இல்லாததே. ஒவ்வொரு ஊரிலும் பள்ளிவாசல் நிருவாகமும் பாடசாலையும் சேர்ந்து குடும்பம், வளவு, வயற்காணி, உறுதி ஆகியவற்றின் விபரத்தை எழுதி வைக்கட்டும். ஜீ.எஸ். பிரிவு மட்டத்திலிருந்து அந்தக் கணக்கு எழுந்தால், எந்த ஆணைக்குழு வந்தாலும் நிதானமாக எடுத்து முன்வைக்கலாம். அயலாரோடும் அதை வைத்தே பேசலாம்.